நாலு விரல் வெள்ளை

அத்தியாயம் 9

ஆரணி கையெழுத்துப் போடுவதற்கு வியாழக்கிழமை மாலை நான்கு மணி வரை அவகாசம் கொடுத்திருந்தார்கள். போடாவிட்டால், மேஃபேரில் இருக்கும் ஹாலிடே கேலரியில் அவளுக்கு வேலை இல்லை. போட்டால், ஒரு போலி ஓவியத்தை அசல் என்று சான்று சொன்னவளாக அவள் பெயர் அச்சில் ஏறும். கலை ஆய்வாளருக்குப் பெயரைத் தவிர வேறு சொத்து கிடையாது.

வியாழக்கிழமை காலை ஒன்பதரை ஆகியிருந்தது. எட்மண்டனில் ஒரு சலூனுக்கு மேல்மாடியில் இருந்த துப்பறியும் அலுவலகத்தில் அவள் உட்கார்ந்திருந்தாள். எதிரே நித்தியானந்தன். இருபத்திரண்டு வருடம் இன்சூரன்ஸ் கம்பெனியில் பொய்க் கிளெய்ம்களைப் பிடித்துப் பழகிய மனிதர்; எதைப் படித்தாலும் முதலில் தேதியைப் படிப்பார். ஜன்னலோரம் அவருடைய உதவியாளர் மஹதி. சென்னைப் பெண். மென்பொருள் கம்பெனி ஒன்று ஆட்குறைப்பில் அவளை வெளியே அனுப்பியது. அவளுடைய வாயை மட்டும் இதுவரை யாராலும் குறைக்க முடியவில்லை.

மேஜையில் கேலரி இந்த விற்பனைக்காக அச்சிட்ட அறிமுகப் புத்தகம் விரிந்து கிடந்தது. அதில் அந்த ஓவியம்: படகுத்துறையில் மூன்று பெண்கள், கண்ணாடியை உடைத்து ஒட்டியது போல் துண்டு துண்டாக. முழுவதும் சாம்பல் நிறம். படத்தின் அடியில் மட்டும், நாலு விரல் அகலத்துக்கு, ஒன்றுமே வரையாத வெள்ளை.

வரைந்தவர் ஹார்லன் வீட் என்ற அமெரிக்கர். நவீன ஓவியத்தைப் பார்த்து அமெரிக்கப் பத்திரிகைகள் சிரித்துக்கொண்டிருந்த காலத்தில் வரைந்தவர். 1914இல், பாஸ்டனில் ஒரு பியானோக் கடையின் மாடியில் இந்தப் படம் காட்சிக்கு வைக்கப்பட்டு, பிறகு காணாமல் போனது. போன ஆண்டு ஒரு பழைய வீட்டின் பரணில் அகப்பட்டதாகச் சொல்லி லண்டனுக்கு வந்து சேர்ந்தது. இப்போது ஓர் அமெரிக்க மியூசியம் அதைக் கேட்கிறது. ஆய்வாளர் கையெழுத்து வேண்டும் என்கிறது.

கான்வாஸ் பழையது, சட்டம் பழையது, ஆணிகூடப் பழையது என்று ஆய்வுக்கூடம் சொல்லிவிட்டதாக ஆரணி சொன்னாள். பழைய கான்வாஸ் வாங்குவது ஒன்றும் பெரிய வித்தை இல்லை என்பதையும் அவளே சொன்னாள்.

"அப்ப உமக்கு எங்கை இடிக்குது?" என்றார் நித்தியானந்தன்.

"அந்தப் படத்திலை ஒரு பிழையும் இல்லை, அண்ணை. அதுதான் எனக்குப் பிழையாத் தெரியுது."

அவள் புத்தகத்தின் அடுத்த பக்கத்தைத் திருப்பினாள். கார்னீலியஸ் பிளாட் என்ற விமர்சகர் 1914இல் ஒரு வாரப் பத்திரிகையில் எழுதிய மதிப்புரை அங்கே புகைப்படமாக இருந்தது. ஊரே கேலி செய்தபோது நவீன ஓவியத்துக்காகச் சண்டை போட்ட வீரர் பிளாட் என்று புத்தகம் புகழ்ந்தது. அவர் எழுதியிருந்தார்: 'வீட் வண்ணத்தைத் துறந்துவிட்டார். இது சாம்பலின் துணிவு. அடியில் அவர் விட்டிருக்கும் வெண்மை, அமெரிக்கக் கலை இதுவரை பேசத் துணியாத மௌனம்.'

வீட் வரைந்த மற்ற நாற்பது படங்களிலும் சிவப்பும் மஞ்சளும் கண்ணைப் பறிக்கும். இந்த ஒன்றில் மட்டும் சாம்பல். ஆனால் பிளாட் சாம்பல் என்றார், படம் சாம்பல். வெள்ளை என்றார், வெள்ளை இருக்கிறது. அவர் சொல்லாத எதுவும் படத்தில் இல்லை. ஓர் ஓவியர் ஒரு விமர்சகருக்கு இவ்வளவு கீழ்ப்படிவதைத் தான் பார்த்ததே இல்லை என்றாள் ஆரணி.

அதற்குப் பின் பன்னிரண்டு பக்கத்துக்கு டாக்டர் ரங்கராஜனின் கட்டுரை. லண்டனில் நவீன ஓவியம் பற்றி யார் பேசினாலும் அவரை மேற்கோள் காட்டியாக வேண்டும். அந்த நாலு விரல் வெள்ளைக்கு மட்டும் அவர் ஏழு பக்கம் ஒதுக்கியிருந்தார். மஹதி அதில் ஒரு பக்கத்தைப் படித்துப் பார்த்தாள்.

"சார், எங்க வீட்டுச் சுவத்துல பெயின்டர் பாதியில விட்டுட்டுப் போயிட்டான். இவரைக் கூட்டிட்டுப் போய்க் காட்டினா வாடகையை ஏத்திடுவாங்க."

நித்தியானந்தன் கட்டுரையைப் படிக்கவில்லை. பிளாட்டின் மதிப்புரைக்கு மேலே, பத்திரிகையின் நெற்றியில் பொடி எழுத்தில் இருந்த தேதியைப் படித்தார். ஏப்ரல் 3, 1914. பிறகு கட்டுரையின் முதல் வரியைப் படித்தார். கண்காட்சி ஏப்ரல் 6 அன்று திறக்கப்பட்டது.

"விபத்து நடக்கிறதுக்கு மூண்டு நாளைக்கு முன்னம் கிளெய்ம் போட்ட ஆள் ஒருத்தனை எனக்குத் தெரியும்," என்றார். "இவர் அவன்ரை தாத்தா போலை கிடக்கு."

ஆரணி புத்தகத்தை இழுத்துப் பார்த்தாள். நாலு மாதமாக அவள் அந்தப் பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். கலை படித்தவர்கள் அந்தப் பக்கத்தில் பிளாட்டின் நடையைப் பார்ப்பார்கள், தேதியைப் பார்ப்பதில்லை.

அந்தக் காலத்தில் நவீன ஓவியத்தைத் திட்டியவர்கள் குறைந்தபட்சம் நேரில் போய்ப் பார்த்துவிட்டுத் திட்டினார்கள். போற்றிய பிளாட்டோ அந்தச் சிரமத்தை எடுத்துக்கொள்ளவில்லை. அப்படியானால் எதைப் பார்த்து எழுதினார்? அந்த இதழின் முழு நகலும் ஆரணியின் லேப்டாப்பில் இருந்தது. மஹதி கடைசிப் பக்கத்துக்குப் போனாள். சோப்பு விளம்பரத்துக்கும் தொப்பி விளம்பரத்துக்கும் நடுவில் கண்காட்சிக்காரர்களின் விளம்பரம் இருந்தது: பன்னிரண்டு படைப்புகள் அஞ்சலட்டைகளாக, திறப்பு விழாவுக்கு முன்பே தபாலில் பெறலாம்.

ரங்கராஜனின் கட்டுரையிலோ அடிக்குறிப்பு திட்டவட்டமாகச் சொன்னது: இந்த ஓவியத்தின் எந்தப் படமும், எந்த வடிவிலும், இன்று உலகில் இல்லை.

"இருக்கோ இல்லையோ எண்டதை அட்டை விக்கிற ஆளிட்டைக் கேப்பம்," என்று நித்தியானந்தன் கோட்டை எடுத்தார்.

*

குட்மேய்ஸில் சுபாஸ்கரனின் வீட்டு முன்னறையில் சோபா கிடையாது. தரையிலிருந்து கூரை வரை சப்பாத்துப் பெட்டிகள். ஒவ்வொன்றிலும் பழைய அஞ்சலட்டைகள். ஜெர்மனியில், ஸ்டுட்கார்ட்டின் ஞாயிறு சந்தையில் ஆரம்பித்த வியாபாரத்தைப் பெட்டிகளோடு லண்டனுக்குக் கொண்டுவந்தவர். தமிழ்ச் சனத்தில் கடை வைத்தவர், பெட்ரோல் ஸ்டேஷன் வைத்தவர் எல்லாரும் உண்டு. செத்துப்போன வெள்ளைக்காரர்களின் அட்டைகளை விற்றுப் பிழைப்பவர் அவர் ஒருவர்தான் என்று நித்தியானந்தன் றெயினில் சொல்லியிருந்தார்.

பாஸ்டன், 1914, பியானோக் கடை என்றதும் சுபாஸ்கரன் யோசிக்கவில்லை. ஏணியில் ஏறி ஒரு பெட்டியை இறக்கினார். பிளாஸ்டிக் உறையில் இருந்த ஓர் அட்டையை மேஜையில் வைத்தார்.

படகுத்துறையில் மூன்று பெண்கள். கறுப்பு வெள்ளை அச்சு. எல்லாம் சாம்பல். அடியில் வெள்ளைப் பட்டை.

ஆரணியின் முகத்தில் இருந்த இரத்தம் இறங்கியது. நூறு வருடத்துக்கு மேல் பழைய அட்டை, கேலரியில் தொங்கும் படத்தை அச்சு அசலாகக் காட்டிக்கொண்டிருந்தது. வெள்ளை உட்பட.

"சூப்பர் சார்," என்றாள் மஹதி. "படம் ஒரிஜினல்தான்னு கண்டுபிடிக்க அவங்க ஆள் வைக்கலை. நாம இலவசமாப் பண்ணிட்டோம்."

ஆரணி மெதுவாக, தான் பிழை விட்டுவிட்டதாகவும் போய்க் கையெழுத்துப் போடுவதாகவும் சொன்னாள். சுபாஸ்கரனுக்கு அவர்கள் ஏன் இடிந்துபோய் நிற்கிறார்கள் என்று புரியவில்லை. அட்டை நல்ல நிலையில் இருக்கிறது, மூலை மடங்கவில்லை, வெள்ளையில்கூட எழுதப்படவில்லை என்று வியாபாரப் பெருமையோடு சொன்னார்.

நித்தியானந்தன் நிமிர்ந்தார். "வெள்ளையிலை என்னத்தை எழுதுறது?"

"சுகம் விசாரிச்சு எழுதுறதுதான், அண்ணை. முந்தி அட்டையிலை பின்பக்கம் விலாசத்துக்கு மட்டும். எழுதுறதை முன்பக்கத்திலைதான் எழுதோணும். அதுக்குப் படத்துக்குக் கீழை இடம் விடுவினம். பிறகு பின்பக்கத்திலையும் எழுதலாம் எண்டு சட்டம் மாறினதுதான், ஆனா இந்தப் பிரிண்டர் கஞ்சன். பழைய அச்சையே வைச்சு அடிச்சிருக்கிறான்."

அவர் அதே பெட்டியிலிருந்து மற்ற அட்டைகளையும் எடுத்து வரிசையாக வைத்தார். ஒரு மலை, அடியில் வெள்ளை. ஒரு பூச்சாடி, அடியில் வெள்ளை. வெண்கலத்தில் செய்த குதிரைத் தலைச் சிலை ஒன்று. அதற்கும் அடியில் அதே நாலு விரலின் சிறு வடிவம்.

மஹதி குதிரையை நெடுநேரம் பார்த்தாள். "ஏழு பக்கம் சார். 'இங்கு அனைவரும் நலம்'னு எழுத விட்ட இடத்துக்கு ஏழு பக்கம்."

ஆரணிக்குச் சிரிப்பு வந்தது. அது அழுகைக்குப் பக்கத்தில் இருந்தது. இப்போது எல்லாம் அதனதன் இடத்தில் வந்து பொருந்தின. அட்டை கறுப்பு வெள்ளை என்பதால் பிளாட்டுக்கு வண்ணத்தைத் துறந்த துணிவு தெரிந்தது. எழுத விட்ட இடத்தில் மௌனம் தெரிந்தது. அசல் ஓவியம் எங்கோ சிவப்பும் மஞ்சளுமாக, வெள்ளை ஏதும் இல்லாமல் இருந்திருக்கும். கேலரியில் தொங்குவதை வரைந்தவன் ஓவியத்தைப் பார்க்கவில்லை. அட்டையைப் பார்த்து வரைந்திருக்கிறான்.

ஆனால் அப்படி ஓர் அட்டையே உலகில் இல்லை என்று புத்தகம் சொல்கிறதே? இந்தப் படத்தை வேறு யாருக்காவது காட்டியதுண்டா என்று நித்தியானந்தன் கேட்டார். சுபாஸ்கரனின் முகம் கதவு சாத்தியது போல் ஆனது. வாங்குகிறவர்களைப் பற்றித் தான் கதைப்பதில்லை, அது இந்தத் தொழிலில் ஆகாது என்றார். நித்தியானந்தன் வற்புறுத்தவில்லை. அட்டையின் உறையை வெளிச்சத்தில் ஒருமுறை திருப்பினார். மூலையில் பென்சிலால் 2 என்று எழுதியிருந்தது. மற்ற உறைகளில் எண் எதுவும் இல்லை.

"நாலு மணிக்கு இதுகளை மேஃபேரிலை காட்டவேணும்," என்றார். "தருவீரோ?"

அட்டை தன் கையை விட்டுப் போகாது, வேண்டுமானால் அட்டையோடு தானும் வருகிறேன் என்றார் சுபாஸ்கரன். நித்தியானந்தன் அதற்குத்தான் காத்திருந்தவர் போலத் தலையாட்டினார்.

*

ஹாலிடே கேலரியில் அன்று முன்காட்சி. ஐம்பது பேர் வந்திருந்தார்கள். வெள்ளைச் சுவர்கள், வெள்ளை வைன், கறுப்பு உடைகள். படத்தைப் பார்க்க வந்தவர்கள் எல்லாரும் படத்துக்கு முதுகைக் காட்டி நின்று, வேறு யார் வந்திருக்கிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். படத்தைப் பார்த்தவர்களும் போனின் திரை வழியாகவே பார்த்தார்கள். பிளாட்டின் மரபு நல்ல ஆரோக்கியத்தோடு இருந்தது.

டாக்டர் ரங்கராஜன் ஓவியத்தின் அருகே நின்று, வெள்ளைப் பட்டையின் மேல் காற்றில் கையை நீவிக்கொண்டு பேசிக்கொண்டிருந்தார். உயரமானவர், வெண்தாடி, கழுத்தில் காஞ்சிபுரம் பட்டுத் துண்டு. மஹதி சென்னை என்று தெரிந்ததும், தானும் மயிலாப்பூர்தான், நாற்பது வருடமாகியும் தமிழ் ஒரு சொட்டும் குறையவில்லை என்று அழகான தமிழில் பெருமைப்பட்டார்.

கேலரியின் முதலாளி மிஸஸ் ஹாலிடே ஆரணியை மேஜைக்கு அழைத்தார். அறிக்கை தயாராக இருந்தது. பேனாவின் மூடியும் திறந்திருந்தது. மியூசியத்துக்காரர்கள் பக்கத்திலேயே நின்றார்கள். ஆரணி பேனாவைத் தொடாமல் நித்தியானந்தனைப் பார்த்தாள். அவர் முன்னால் வந்து, மூன்று பெண்கள் இருக்கும் அட்டையை அறிக்கையின் மேல் வைத்தார்.

ரங்கராஜனின் கை காற்றில் நின்றது. ஒரு கணம்தான். பிறகு அவர் முகம் மலர்ந்தது. தான் இல்லை என்று நினைத்த சாட்சி கிடைத்துவிட்டது, அடிக்குறிப்பைத் திருத்த இதைவிட இனிய காரணம் வேண்டாம், பாருங்கள், வெண்மைகூட அப்படியே இருக்கிறது என்று உரத்த குரலில் ஆங்கிலத்தில் அறிவித்தார். கைதட்டினார்கள். மிஸஸ் ஹாலிடே பேனாவை ஆரணியின் விரல்களுக்குள் வைத்தார்.

நித்தியானந்தன் மற்ற அட்டைகளை ஒவ்வொன்றாக அடுக்கினார். மலை. பூச்சாடி. கடைசியாகக் குதிரை. இது சுகம் விசாரித்து எழுத விட்ட இடம் என்று எளிய ஆங்கிலத்தில் சொன்னார். கைதட்டல் நின்றது. முன்வரிசையில் ஒரு பத்திரிகைக்காரி நோட்டுப் புத்தகத்தைத் திறந்தாள்.

ரங்கராஜன் அசரவில்லை. அவர் இப்படிப்பட்ட மேடைகளில் முப்பது வருடம் நின்று பழகியவர். ஒரு காலகட்டமே அந்த மௌனத்தை உணர்ந்திருக்கிறது, ஓவியருக்கு வந்தது அச்சுக்காரனுக்கும் வந்திருக்கிறது, இதைத்தான் தன் கட்டுரை சொல்கிறது என்றார். பலர் தலையாட்டினார்கள். ஒருவர் அதைக் குறித்துக்கொண்டார். மிஸஸ் ஹாலிடேயின் முகத்தில் மறுபடியும் இரத்தம் ஓடியது. ஆரணியின் கையில் பேனா இன்னும் இருந்தது. மியூசியத்துக்காரர் ஒருவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

அப்போதுதான், தன் அட்டைகளை யாராவது வைன் கையால் தொட்டுவிடுவார்களோ என்று மேஜையையே காவல் காத்துக்கொண்டிருந்த சுபாஸ்கரன் தலை நிமிர்ந்து பேசுகிறவரைப் பார்த்தார். ஆங்கிலப் பேச்சில் பாதி அவர் காதில் ஏறவில்லை. ஆனால் பட்டுத் துண்டை அவருக்கு அடையாளம் தெரிந்தது. முகம் சங்கடத்தில் சுருங்கியது.

"டொக்டர், நீங்களோ? குறை நினைக்காதேங்கோ."

ரங்கராஜன் அவரைப் பார்க்காமல், இந்த மனிதர் என்ன மொழி பேசுகிறார் என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

சுபாஸ்கரன் விடவில்லை. அவருக்கு அது மான விஷயம். "போன வருஷம் ஜூனிலை நீங்கள் இதை வாங்கேக்கை, உலகத்திலை இது ஒண்டுதானோ எண்டு மூண்டு தரம் கேட்டனீங்கள். நான் ஓம் எண்டனான். எங்கடை தொழிலிலை ரெண்டாவது கிடக்கு எண்டு ஒருத்தரும் சொல்ல மாட்டினம், டொக்டர். சொன்னா முதலாவதை ஆர் வாங்குவினம்? ஆனா பொய் பொய்தான். மன்னிச்சுக்கொள்ளோணும்."

அறை திரும்பி மஹதியைப் பார்த்தது. அவள் தொண்டையைச் செருமிக்கொண்டு, ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல், பத்திரிகைக்காரி எழுதி முடிக்க நேரம் விட்டு, ஆங்கிலத்தில் சொன்னாள். கடைசியில் தமிழுக்கு மாறினாள்.

"டாக்டர், தமிழ் ஒரு சொட்டும் குறையலைன்னீங்க. நான் எதாவது தப்பா மொழிபெயர்த்திருந்தா நீங்களே திருத்திடுங்க."

ரங்கராஜன் வாயைத் திறந்தார். கூட்டம் காத்திருந்தது. தான் வாங்கிய ஒற்றை அட்டையைப் பார்த்து, அதன் வெள்ளையையும் ஓவியம் என்றே நம்பி, யாரோ ஒருவனைக் கொண்டு அதை இம்மி பிசகாமல் வரைய வைத்த மனிதரிடம் அந்த நேரத்தில் ஒரு மொழியும் இருக்கவில்லை. அஞ்சலட்டை சேர்க்கிற எந்தச் சின்னப் பிள்ளையும் அந்தத் தவறைச் செய்திருக்காது. அதைச் செய்ய நவீன ஓவியம் பற்றி முப்பது வருடம் எழுதியிருக்க வேண்டும். அவர் பட்டுத் துண்டைச் சரி செய்துகொண்டு, தன் வக்கீலோடு பேச வேண்டும் என்று சொல்லிவிட்டு, வழிவிட்ட கூட்டத்தின் நடுவே நடந்தார். வாசலில் கேலரியின் காவலாளி தற்செயலாக நிற்பது போல் நின்றுகொண்டான்.

"ரெண்டாவது அட்டைன்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமா சார்?" என்று மஹதி காதோடு கேட்டாள்.

"உறையிலை ரெண்டு எண்டு போட்டிருந்தது. அப்ப ஒண்டு எங்கையோ போயிருக்கோணும். ஆர் கொண்டு போனதெண்டு அந்தாள் எனக்குச் சொல்ல மாட்டார். வாங்கின ஆள் இண்டைக்கு இங்கை நிப்பார் எண்டு தெரியும்; அவரைக் கண்டால் மன்னிப்புக் கேக்காமல் இருக்க அந்தாளாலை ஏலாது."

மிஸஸ் ஹாலிடே இதற்குள் தன்னைச் சுதாரித்துக்கொண்டிருந்தார். ஐம்பது பேர் முன்னால் விழுந்தவர், அதே ஐம்பது பேர் முன்னால் எழ வேண்டும் என்று அறிந்தவர். பழைய அறிக்கையை மடித்துக் கைப்பையில் வைத்தார். ஒரு வெற்றுத் தாளை ஆரணியின் முன்னால் நகர்த்தி, தணிந்த குரலில், கனிவாகப் பேசினார். கேலரி ஆரம்பத்திலிருந்தே சந்தேகப்பட்டது, அதனால்தான் ஆரணியிடம் ஆய்வை ஒப்படைத்தது, கேலரியின் வழிகாட்டலில் அவள் உண்மையைக் கண்டுபிடித்தாள். நான்கு வரி போதும். கையெழுத்துப் போட்டால் அடுத்த மாதத்திலிருந்து அவள்தான் ஆய்வுப் பிரிவின் தலைவி.

பேனா அதே பேனாதான். ஆரணி அதைக் கையில் பிடித்தபடியே உட்கார்ந்தாள். மிஸஸ் ஹாலிடே மியூசியத்துக்காரர்களைப் பார்த்துப் புன்னகைத்தார்.

அவள் நிறுத்தி நிறுத்தி எழுதினாள். எழுதியது இவ்வளவுதான்: 'இந்தப் படம் போலி என்று திங்கட்கிழமை சொன்னேன். அப்படிச் சொன்னால் வேலை போகும் என்று செவ்வாய்க்கிழமை எனக்குச் சொல்லப்பட்டது. நான் சொன்ன பிறகும் இது இதே சுவரில்தான் தொங்கியது.' அடியில் முழுப் பெயர், தேதி, கையெழுத்து.

மிஸஸ் ஹாலிடே குனிந்து படித்தார். கடைசி இரண்டு வாக்கியங்கள் அவசியம்தானா என்று உதடு அசையாமல் கேட்டார்.

அவசியமில்லாமல் இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்றாள் ஆரணி. மேஜைக்கு அந்தப் பக்கம் நின்ற பத்திரிகைக்காரி அதற்குள் தாளைப் படம் எடுத்து முடித்திருந்தாள். அந்தத் தாளை எழுதியவளை வேலையை விட்டு நிறுத்தும் தைரியம் அன்று அந்த அறையில் யாருக்கும் இல்லை. ஆரணி தன் மேஜைக்குத் திரும்பிப் போய், மற்ற படங்களின் கோப்புகளையும் சரிபார்க்க ஒவ்வொன்றாக எடுத்து அடுக்கத் தொடங்கினாள். மிஸஸ் ஹாலிடே வைன் கிண்ணத்தைப் பிடித்தபடி, அந்தக் கோப்புகள் எத்தனை என்று பார்த்துக்கொண்டே நின்றார்.